எதிர்த்துப் பேசவும் தமிழ் வேண்டும்

ஆண்டுதோறும் நம் சங்க விழாக்களில் ஒரு சொற்பொழிவு தவறாமல் நிகழ்கிறது. பேசுபவர் மாறுவார், பேச்சு மாறாது. "இளைய தலைமுறை தமிழை மறந்தது, பெரியோரை மதிக்க மறந்தது, மேனாட்டு மோகத்தில் நம் பண்பாட்டைக் கைவிட்டது" என்று ஒருவர் முழங்குவார். முன்வரிசையில் அமர்ந்திருக்கும் நாம் தலையசைத்துக் கைதட்டுவோம். குற்றஞ்சாட்டப்பட்ட இளைஞர்களோ அரங்கிற்கு வெளியே நின்று இந்தியிலும் ஆங்கிலத்திலும் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பார்கள். தம் மீது குற்றப்பத்திரிகை படிக்கப்படுவதே அவர்களுக்குத் தெரியாது. அது தமிழில் அல்லவா படிக்கப்படுகிறது!

நானும் அம்மேடையில் இருமுறை அவ்வாறு முழங்கியவன்தான். அதை மறுத்து எழுதவே இன்று வந்திருக்கிறேன். நம் பிள்ளைகள் தமிழைத் தொலைக்கவில்லை. தொலைப்பதற்கு முதலில் அவர்கள் கையில் அது இருந்திருக்க வேண்டும். பண்பாடு என்ற பெயரால் நாம் எதைக் காத்தோம், எதைக் கைவிட்டோம் என்று கணக்குப் பார்த்தால், கூண்டில் ஏறி நிற்க வேண்டியவர்கள் நாமே. அந்த வழக்கை, என் வீட்டுக் கதையையே சான்றாக வைத்து, அன்பர்கள் முன்னிலையில் எடுத்துரைக்கிறேன்.

நாம் வந்த கதை

1968-ஆம் ஆண்டில், இருபத்தோராவது வயதில், தட்டச்சிலும் சுருக்கெழுத்திலும் தேறிய சான்றிதழ்களை ஒரு தகரப் பெட்டியில் வைத்துக்கொண்டு, திருவாரூருக்கு அருகிலுள்ள சிற்றூரிலிருந்து சென்னை வந்து, அங்கிருந்து ஜி.டி. எக்ஸ்பிரஸில் தில்லிக்கு வந்து இறங்கினேன். கரோல்பாகில் நால்வர் பகிர்ந்துகொண்ட ஓர் அறை. பிறகு, மணமான பின்னர், இராமகிருஷ்ணபுரத்தில் அரசுக் குடியிருப்பு. நம்மில் பலருடைய வரலாறு இதுதான்.

அன்றைய தில்லி தமிழுக்கு வறண்ட நிலமாக இருக்கவில்லை. 1965-இல் கஸ்தூரிரங்கன் தொடங்கிய 'கணையாழி' இந்நகரில் பிறந்த இதழ். இந்திரா பார்த்தசாரதி இங்கே தமிழ் கற்பித்துக்கொண்டிருந்தார். தி. ஜானகிராமன் இங்குள்ள வானொலியில் பணியாற்ற வந்தார். ஆதவன் இங்கேயே வளர்ந்து, இங்குள்ள அலுவலகத் தமிழரையே கதைமாந்தராக்கினார். நமக்கு முன் வந்த தலைமுறை தன் பிள்ளைகளுக்காகத் தொடங்கிய கல்வி முயற்சி, தில்லித் தமிழ்க் கல்விக் கழகத்தின் ஏழு பள்ளிகளாக வளர்ந்து நின்றது. தமிழ் கற்பிக்க வழியில்லாத ஊரில் வந்து அகப்பட்டுக்கொண்டோம் என்று சொல்ல நமக்கு வாயில்லை.

ஆயினும், சிறிது பதவி உயர்வு வந்ததும் நம்மில் பெரும்பாலோர் என்ன செய்தோம்? அந்தப் பள்ளிகளைக் கடந்து சென்று, ஆங்கிலப் பள்ளிகளின் வாயிலில் விடியற்காலையிலேயே விண்ணப்பப் படிவத்திற்காக வரிசையில் நின்றோம். நானும் நின்றேன்.

நம் பணிப் பதிவேட்டில் 'சொந்த ஊர்' என்று ஒரு பத்தி உண்டு. விடுப்புப் பயணச் சலுகைக்காக எழுதிக்கொடுத்த ஊர்ப்பெயர் அது. இரண்டாண்டுகளுக்கு ஒருமுறை அரசு கொடுத்த பயணச் செலவில் அவ்வூருக்குச் சென்று பதினைந்து நாட்கள் தங்கித் திரும்பினோம். நம் பிள்ளைகளுக்குத் தமிழ்நாடு என்பது அந்தப் பதினைந்து நாட்கள்தாம். மீதிக் காலத்திற்கு வீடுதான் தமிழ்நாடு. அந்த வீட்டில் நாம் என்ன வைத்திருந்தோம்?

ஏவல் மொழி

1983-இல் என் மகனை மழலையர் வகுப்பில் சேர்த்தேன். மூன்றாம் மாதம் ஆசிரியை எங்களை அழைத்து, "வீட்டில் ஆங்கிலத்திலேயே பேசுங்கள், இரண்டு மொழிகளால் பையன் குழம்புகிறான்" என்றார். குழந்தைகள் பல மொழிகளை ஒருசேரக் கேட்டு வளர்வதால் குழம்பிவிடுவதில்லை என்று மொழியியலார் இன்று தெளிவாகக் கூறுகிறார்கள். அன்று நாங்கள் ஆராயவில்லை, கேள்வி கேட்கவுமில்லை. என் மனைவி மட்டும் வீடு திரும்பும் வழியில், "அப்படியானால் நான் அவனோடு என்ன பேசுவது?" என்று கேட்டாள். அவளுக்கு ஆங்கிலம் தட்டுத்தடுமாறித்தான் வரும். "தெரிந்ததைப் பேசு, போதும்" என்றேன். ஒரு தாயின் வாயை அடைக்க எனக்கு அரை நொடி போதுமானதாயிருந்தது.

அன்று முதல் எங்கள் வீட்டில் தமிழ் முற்றிலும் அழிந்துவிடவில்லை. அழிவதைவிடக் கேடான ஒன்று நிகழ்ந்தது. 'எழுந்திரு', 'குளி', 'சாப்பிடு', 'படி', 'அதைத் தொடாதே', 'பெரியவர் பேசும்போது குறுக்கே பேசாதே', 'வாயை மூடு' — இவை மட்டும் தமிழில் எஞ்சின. கதை ஆங்கிலப் புத்தகத்திற்குப் போயிற்று. விளையாட்டும் நட்பும் இந்திக்குப் போயின. ஐயமும் ஆராய்ச்சியும் பள்ளி மொழிக்குப் போயின. ஏவலும் அதட்டலும் தமிழின் பங்காயின. தன்னை அதட்டுவதற்கு மட்டுமே பயன்படும் ஒரு மொழியை எந்தக் குழந்தை விரும்பும்? அதிகாரியின் மொழியை ஊழியன் புரிந்துகொள்வது போல அவன் தமிழைப் புரிந்துகொண்டான். திருப்பிப் பேசக் கற்கவில்லை. கற்க நாங்கள் விடவுமில்லை.

1988-இல் என் தந்தையார் காலமானார்; என் தாயாரைத் தில்லிக்கு அழைத்து வந்தேன். ஒரு மாலையில் கூடத்தில் படுத்திருந்த அவர், பேரனைப் பார்த்து, "கால் குடையுதுடா கண்ணு" என்றார். ஒன்பது வயதுச் சிறுவன் ஓடிப்போய்க் கதவின் பின்னால் மாட்டியிருந்த குடையை எடுத்து வந்து நீட்டினான். நாங்கள் அனைவரும் சிரித்தோம். தாயாரும் சிரித்தார். வந்த விருந்தினர்களுக்கெல்லாம் இதை வேடிக்கையாகச் சொல்லிக்காட்டினேன்.

நான் கவனிக்கத் தவறியது வேறொன்று. அதன்பின் என் தாயார் பேரனிடம் எதுவும் கேட்பதை விட்டுவிட்டார். காலை அவரே பிடித்துவிட்டுக்கொண்டார். தண்ணீர் வேண்டுமென்றால் சுவரைப் பற்றிக்கொண்டு எழுந்து போனார். நான்காண்டுகள் எங்களோடு இருந்து 1992-இல் மறைந்தார். அவரிடம் எத்தனை கதைகள் இருந்தன, எந்த ஆற்றில் எந்த ஆண்டு வெள்ளம் வந்தது, என் பாட்டனாருக்கும் அவர் தம்பிக்கும் ஏன் பேச்சு நின்றது என்பதெல்லாம் என் பிள்ளைகளுக்குத் தெரியாது. பாட்டியை மதிக்கத் தெரியாத பேரனா அவன்? அவர் கேட்டதைக் கொடுக்கத்தானே ஓடினான்! இன்று நாற்பதைக் கடந்துவிட்டான்; அந்தக் குடையைப் பற்றி யாரேனும் பேச்செடுத்தால் எழுந்து போய்விடுகிறான்.

நாம் காத்த பண்பாடு

மொழியை இவ்வாறு கைவிட்ட நாம், ஊரிலிருந்து கொண்டுவந்த மூட்டையில் மற்றவற்றைப் பத்திரமாக வைத்திருந்தோம். எவற்றை?

என் தங்கைக்கு 1984-இல் மணமாயிற்று. தந்தையார் மறைந்தபின் நிலத்தைப் பாகம் பிரித்தபோது, விடுதலைப் பத்திரத்தில் அவளிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு ஒரு பட்டுப்புடவை எடுத்துக் கொடுத்தோம் நானும் என் தமையனாரும். அதைப் 'பிறந்த வீட்டுச் சீர்' என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டோம். பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டுமென்று செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு தீர்மானித்தது 1929-இல். தமிழ்நாடு அரசு மகளுக்கும் பரம்பரைச் சொத்தில் மகனுக்கு இணையான உரிமை தந்து சட்டம் இயற்றியது 1989-இல். முன்பே மணமானவர்களை அச்சட்டம் விலக்கியிருந்தது. 2005-இல் வந்த மத்திய அரசின் திருத்தம் அந்த வேறுபாட்டையும் நீக்கிற்று. ஊர் அறுபது எழுபது ஆண்டுகள் போராடி நடந்துவந்த தொலைவு அது. நாமோ 1968-இல் ரயிலேறிய நாளிலேயே கடிகாரத்தை நிறுத்திவிட்டோம். நாம் பண்பாடு என்று பிள்ளைகளுக்குக் காட்டுவது, நம் பயணச்சீட்டில் அச்சிட்டிருந்த தேதியைத்தான். அத்தேதிக்குப் பிறகு தமிழ்நாடே மாறிவிட்டது என்ற செய்தி நமக்கு மட்டும் எட்டவில்லை.

இனி, எழுதக் கை கூசும் ஒன்றையும் எழுதிவிடுகிறேன். 2009-இல் என் மகள் தன்னோடு பணிபுரிந்த ஓர் இளைஞரை மணக்க விரும்பினாள். அவரும் தமிழர். கூலி வேலைக்காக வட ஆர்க்காட்டிலிருந்து தில்லிக்கு வந்த பெற்றோருக்குப் பிறந்தவர். குடிசைப் பகுதியில் வளர்ந்து, தமிழ்ப் பள்ளியில் படித்துப் பொறியாளரானவர். எங்கள் வீட்டிற்கு வந்து என்னோடு ஒரு மணி நேரம் பேசினார். ஓர் ஆங்கிலச் சொல்லின் துணையில்லாமல் அவர் பேசிய தமிழ், சங்க மேடையில் நான் பேசிய தமிழைவிடத் தெளிவானது.

நான் மறுத்தேன். காரணம் அனைவரும் அறிந்ததே, சாதி. அதே மாதம் அமெரிக்காவிலிருந்து வந்த வேறொரு வரனைப் பற்றி ஆர்வத்தோடு விசாரித்துக்கொண்டிருந்தேன். அந்தப் பையனுக்குத் தமிழில் தன் பெயரைக்கூட எழுதத் தெரியாது, ஆனால் 'நம்மவர்'. தமிழ் அழிகிறதே என்று மேடையில் கண்ணீர் விட்டவன், தமிழ் பேசும் மருமகனை வாசலோடு அனுப்பிவிட்டுத் தமிழறியா மருமகனுக்குத் தூது விட்டேன். நான் காக்க நினைத்தது தமிழையா, வேறொன்றையா? அன்பர்களே, இக்கேள்வியை உங்கள் வீட்டிலும் கேட்டுப் பாருங்கள்.

அன்றிரவு மகள் என்னோடு வாதிட வந்தாள். தமிழில்தான் தொடங்கினாள். மூன்றாம் வாக்கியத்தில் சொல் கிடைக்காமல் நின்றாள். பிறகு ஆங்கிலத்தில் மளமளவென்று பேசினாள். "அப்பனிடம் ஆங்கிலத்திலா பேசுகிறாய்?" என்று சினந்தேன். அதற்கு அவள் சொன்னாள்: "அப்பா, தமிழில் எனக்குச் சாப்பிடத் தெரியும், தூங்கத் தெரியும். நியாயம் கேட்கத் தெரியாது. நீங்கள் கற்றுக் கொடுக்கவில்லை."

என் ஐம்பதாண்டுத் தமிழ்ப் பற்றுக்கு இதைவிடக் கடுமையான தீர்ப்பு இனி வரப்போவதில்லை.

மறுப்புரைகளுக்கு மறுமொழி

"பிழைக்க வந்த இடத்தில் பிற மொழிகளைக் கற்பிக்காமல் இருக்க முடியுமா?" என்று கேட்பார்கள். கற்பிக்க வேண்டாமென்று எவர் சொன்னார்? மதுரையில் வாழும் சௌராட்டிரர்களைப் பாருங்கள். பல நூற்றாண்டுகளாகத் தமிழ் மண்ணில் வாழ்ந்தும் வீட்டில் தம் மொழியைப் பேசுகிறார்கள். தமிழிலும் எவருக்கும் இளைத்தவர்களல்லர். அச்சமூகத்தில் பிறந்த எம்.வி. வெங்கட்ராம் தமிழ் நாவலுக்காகச் சாகித்திய அகாதெமி விருது பெற்றார். சென்னைச் சௌகார்பேட்டையின் மார்வாரிக் குடும்பங்களில் கடைக்குத் தமிழ், வீட்டிற்குத் தாய்மொழி என்று இரண்டும் அமைதியாக வாழ்கின்றன. நம் வீட்டில் மட்டும் ஒன்று நுழைய மற்றொன்றை வெளியேற்றினோமென்றால், அது வயிற்றுப்பாட்டின் கட்டாயமன்று. நம் மொழி வீட்டிற்குள்ளும் மதிப்பற்றது என்று நாமே முடிவு செய்ததன் விளைவு.

"எதிர்த்துப் பேச விட்டால் மரியாதை என்னாவது?" என்று சிலர் கவலையுறுவர். பாண்டியன் அவையில் நின்று நீதி கேட்ட கண்ணகிக்குச் சிலை வைத்தவர்கள் நாம். நெற்றிக்கண்ணைக் காட்டியபோதும் குற்றம் குற்றமே என்று நின்றதாக நக்கீரரின் கதையைச் சொல்லி மகிழ்பவர்கள் நாம். பட்டிமன்றத்திற்கென்று பயணச் செலவு கொடுத்து ஊரிலிருந்து வாதாடுபவர்களை வரவழைத்து, அவர்கள் ஒருவரையொருவர் மடக்கும்போது ஆரவாரம் செய்கிறோம். அதே நேரத்தில், வீட்டில் வாதாடும் பிள்ளைக்கு வாய்ப்பூட்டு! வாதம் மேடையில் கலை, கூடத்தில் திமிர் என்பது என்ன நீதி?

"பெற்றோரைப் பேணாத தலைமுறை" என்பது அடுத்த குற்றச்சாட்டு. பெற்றோரையும் மூத்த குடிமக்களையும் பேணுவதைச் சட்டக் கடமையாக்க வேண்டிய நிலை நம் நாடாளுமன்றத்திற்கு 2007-இல் வந்தது. அன்று எழுபது, எண்பது வயதைக் கடந்திருந்தவர்களின் பிள்ளைகள் யார்? நாமும் நம் உடன்பிறந்தாரும்தாமே? மாதந்தோறும் மணியார்டரும், இரண்டாண்டுக்கொருமுறை நம் முகமும் ஊருக்குப் போயின. நாம் விட்டுவந்ததைப் போலத்தான் நம் பிள்ளைகளும் நம்மை விட்டுப் போகிறார்கள். ரயிலுக்குப் பதிலாக விமானம், வேறுபாடு அவ்வளவே.

நம்மோடு வாழ்ந்த எழுத்தாளர்கள் இவற்றையெல்லாம் நமக்கு முன்பே சொல்லிவிட்டார்கள். தில்லித் தமிழ் அதிகாரியின் குடும்பம் தலைமுறைகளுக்கிடையே எவ்வாறு பொய்ம்முகம் சூடி வாழ்கிறது என்பதை ஆதவன் 'காகித மலர்கள்' நாவலில் எழுதினார். இந்திரா பார்த்தசாரதியின் 'உச்சி வெயில்' 'மறுபக்கம்' என்ற படமாகி, சிறந்த திரைப்படத்திற்கான தேசிய விருதைப் பெற்ற முதல் தமிழ்ப் படமாயிற்று. தில்லியில் வேற்று மதப் பெண்ணை மணந்த மகனுக்கும் கும்பகோணத்து வைதிகத் தந்தைக்கும் இடையிலான மௌனமே அதன் பொருள். விருது வந்தபோது மகிழ்ந்தோம். எழுத்தாளருக்கு மாலை போட்டோம். அந்தத் தந்தை நாம்தாம் என்று எண்ணிப் பார்த்தோமா?

செய்ய வேண்டியவை

புலம்பலை நிறுத்திவிட்டுச் சங்கங்கள் செய்யத்தக்கவை உள்ளன.

முதலாவதாக, பொருள் அறியாமல் ஆங்கில எழுத்தில் எழுதி வைத்து ஒப்பிக்கும் குழந்தைக்குப் பரிசளிப்பதை விட்டொழிக்க வேண்டும். அதற்கு மாறாக, ஆண்டு விழாவில் ஒரு மாலைப் பொழுதைப் பிள்ளைகளுக்குக் கொடுங்கள். அவர்கள் தமிழில் — பிழைபட்ட தமிழானாலும் சரி — பெரியவர்களைக் கேள்வி கேட்கட்டும். பெரியவர்கள் திருத்தாமல், சினக்காமல், விடை மட்டும் சொல்லட்டும். "ஏன் அக்காவுக்கு மட்டும் இரவு எட்டு மணிக் கட்டுப்பாடு?" என்று ஒரு சிறுவன் தமிழில் கேட்பானாயின், அவன் ஒப்பிக்கும் நூறு செய்யுள்களைவிட அந்த ஒரு கேள்வியில் தமிழுக்கு ஆயுள் அதிகம்.

இரண்டாவதாக, மணமக்கள் தகவல் பதிவேடு வைத்திருக்கும் சங்கங்கள் அதிலிருந்து சாதி, உட்பிரிவுப் பத்திகளை அடித்துவிட்டு, 'தமிழ் பேசுவாரா, படிப்பாரா' என்று ஒரு பத்தியைச் சேர்க்கட்டும். தமிழ்ச் சங்கம் என்ற பெயருக்கு அதுவே பொருத்தம்.

மூன்றாவதாக, தமிழை நம்மைவிட நன்றாகக் காத்துவரும் ஏழைத் தமிழர்களிடம் போவோம். 2025 ஜூன் முதல் நாள், ஜங்புராவில் பாராபுல்லா வடிகாலை ஒட்டியிருந்த மதராசி கேம்ப் நீதிமன்ற ஆணையின்பேரில் இடிக்கப்பட்டது. வீட்டு வேலையும் கூலி வேலையும் செய்து பல்லாண்டுகள் அங்கே வாழ்ந்த தமிழ்க் குடும்பங்களிற் சிலவற்றிற்கு நகரின் வடகோடியில் நரேலாவில் வீடு ஒதுக்கப்பட்டது. பலவற்றிற்கு அதுவும் இல்லை. அக்குடியிருப்பின் பிள்ளைகள் தமிழ்ப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தவர்கள். நம் பிள்ளைகள் படிக்க மறுத்த வகுப்பறைகளை நிரப்பியவர்கள் அவர்கள். நரேலாவிலிருந்து அவர்கள் பள்ளிக்கு வந்துபோகும் பேருந்துச் செலவு, நாம் ஒரு பட்டிமன்றத்திற்குச் செய்யும் செலவைவிட மிகுதியாயிருக்குமா? கணக்குத் தெரிந்தவர்கள் சொல்லட்டும்.

இறுதியாக ஒன்று

என் மகள் தனித் திருமணச் சட்டத்தின்படி, பதிவாளர் அலுவலகத்தில் தான் விரும்பியவரையே மணந்தாள். நான் போகவில்லை, என் மனைவி போனாள். முதல் முறையாக என்னிடம் கேட்காமல் அவள் செய்த செயல் அது. மூன்றாண்டுகள் கழித்து, அவளே என் கையைப் பிடித்து அவ்வீட்டிற்கு அழைத்துச் சென்றாள்.

இன்று என் பேத்திக்குப் பத்து வயது. அவள் தந்தை அவளோடு தமிழில் பேசுகிறார். கதை சொல்கிறார், விளையாடுகிறார், தோற்றுப் போகிறார். சென்ற மாதம் ஏதோ பேச்சில், "பெண் பிள்ளை இவ்வளவு உரக்கச் சிரிக்கக் கூடாது" என்று பழைய பழக்கத்தில் சொல்லிவிட்டேன். அவள் சிரிப்பை நிறுத்தி, என்னை நேராகப் பார்த்து, "தாத்தா, நீங்க சொல்றது தப்பு. ஏன்னு சொல்லட்டுமா?" என்றாள்.

சொன்னாள். ஐந்து நிமிடம், தடையில்லாத தமிழில், என்னை மறுத்தாள். என்னிடம் மறுமொழி இருக்கவில்லை.

என் வீட்டில் தமிழ் பிழைத்துக்கொண்டது. அதைப் பிழைக்க வைத்தவன் நானல்லேன். நான் வாசலோடு அனுப்பிய அந்த மனிதர். அடுத்த ஆண்டு விழாவில், "இளைய தலைமுறை தமிழை மறந்தது" என்று எவரேனும் முழங்க எழுந்தால், முன்வரிசையிலிருந்து நான் எழுந்து மறுப்பேன். அன்று என்னோடு எழுந்து நிற்க எத்தனை பேர் அணியமாயிருக்கிறீர்கள்?